வேட்டையாட வருபவன் நம் உருவில்தான் வருவான்!



காட்டில் புலி உறுமிக் கொண்டே மானை நெருங்குவதில்லை. புல்லோடு புல்லாகப் பதுங்கி, ஓசையின்றி அடியெடுத்து வைத்து, இனி மான் தப்ப முடியாது என்ற தூரத்திற்கு வந்த பிறகே பாய்கிறது. பகைவன் கத்தியோடும் கூச்சலோடும்தான் வருவான் என்று எதிர்பார்த்துக் கொண்டிருக்கும் நமக்கு இது அவசியமான பாடம். கூச்சலோடு வருபவனை நாம் நன்றாகவே அடையாளம் கண்டு கொள்கிறோம். ஸலாம் சொல்லிக் கொண்டு வருபவனிடம்தான் பணத்தைப் பறிகொடுக்கிறோம்!

பவளப்பாறைகளில் விரல் நீளத்தில் ஒரு மீன் உண்டு. நீல உடம்பு, நடுவே கறுப்புக் கோடு. பெரிய மீன்களின் செதிலிலும் வாயிலும் ஒட்டியிருக்கும் ஒட்டுண்ணிகளைத் தின்று சுத்தம் செய்வது அதன் தொழில். பெரிய மீன்கள் அதைத் தேடி வந்து, வாயைத் திறந்து கொண்டு அசையாமல் நிற்கும், அதை விழுங்குவதில்லை. முழுக்க முழுக்க நம்பிக்கையின் பேரில் நடக்கும் கொடுக்கல் வாங்கல் இது. அதே நீலம், அதே கோடு, அதே நீச்சல் ஆட்டத்தோடு இன்னொரு மீனும் அங்கே உலவுகிறது. கீழ்த்தாடையில் கோரைப் பல் கொண்ட வேறு இனம் அது. சுத்தம் செய்ய வருவது போல வந்து, துடுப்பைக் கடித்துக் கொண்டு ஓடிவிடும். கடிபட்டு அனுபவம் இல்லாத இளம் மீன்களே இதனிடம் அதிகம் ஏமாறுகின்றன. அதைவிட முக்கியமான செய்தி, அசல் மீன்கள் அதிகமாகவும் போலிகள் குறைவாகவும் இருக்கும் இடத்தில்தான் இந்தப் பித்தலாட்டம் செல்லுபடியாகும். அசல் மீன் சம்பாதித்து வைத்த நல்ல பெயரைத்தான் போலி மீன் தின்று பிழைக்கிறது.

நம் பாட்டனார்கள் கொழும்பிலும் பினாங்கிலும் ரங்கூனிலும் வாய்ச்சொல்லை நம்பியே சரக்குக் கொடுத்து வாங்கினார்கள். அந்த நாணயம் இன்னும் நம் கடைத்தெருக்களில் உயிரோடு இருக்கிறது. அதைத் தின்னத்தான் போலிகள் வருகிறார்கள்.

பெங்களூரில் என்ன நடந்தது? 2006-ல் தொடங்கப்பட்ட ஐ.எம்.ஏ. என்ற நிறுவனம் ஹலால் முதலீடு என்ற பெயரில் பணம் திரட்டியது. வட்டி ஹராம் என்று வங்கி வைப்புத் தொகையை விட்டு ஒதுங்கியிருந்த குடும்பங்கள்தான் அதன் முதல் குறி. பணம் போட்டவர்களைப் 'பங்குதாரர்கள்' என்றார்கள், மாதாமாதம் 'லாபம்' வந்தது, நகைக்கடை பளபளத்தது, பள்ளிக்கூடத்திற்கு உதவினார்கள், ஆலிம்கள் சிலர் நல்வார்த்தையும் சொன்னார்கள். 2019 ஜூனில் பெருநாளுக்கு மூடிய அலுவலகம் திறக்கவேயில்லை. நிறுவனர் துபாய் போய்விட்டார். ஜூலையில் டெல்லி விமான நிலையத்தில் கைது செய்யப்பட்டார். புகார் கொடுத்தவர்கள் மட்டும் 40,000 பேருக்கு மேல்! மகள் திருமணத்திற்குச் சேர்த்த பணம், கணவன் இறந்த பின் வந்த பணம், வளைகுடா வெயிலில் உழைத்துச் சேர்த்த பணம். ஓநாய்க் கூட்டம் மந்தையில் வலுவில்லாததைப் பார்த்து ஒதுக்கிப் பிரிப்பது போல, இந்த வேட்டையும் அப்படிப்பட்டவர்களைத்தான் பொறுக்கி எடுத்தது.

"முஸ்லிம்களே இப்படித்தான்" என்று பேச யாரும் கிளம்ப வேண்டாம். அமெரிக்காவின் பெர்னார்ட் மேடாஃப் ஒரு யூதர். யூத அறக்கட்டளைகளின் பணத்தையும் சேர்த்து விழுங்கியவர். 2008 டிசம்பரில் பிடிபட்டார். 150 ஆண்டு தண்டனை பெற்று 2021-ல் சிறையிலேயே இறந்தார். ஒவ்வொரு சமுதாயத்திலும் அந்தச் சமுதாயத்தின் வேடத்திலேயே வேட்டை நடக்கிறது. மேடாஃப் பேராசை காட்டவில்லை என்பதையும் கவனியுங்கள். சந்தை ஏறினாலும் இறங்கினாலும் மாதம் ஏறத்தாழ ஒரு சதவீதம் என்று சீராகக் காட்டினார். அந்தச் சீர்தான் அடையாளம்!

வியாபாரிகளே, உங்கள் கல்லாவையே கேட்டுப் பாருங்கள். ரமளானில் ஓடும் வியாபாரம் ஆடி மாதத்தில் ஓடுகிறதா? மழைக்காலத்தில்? எந்த மாதமும் நஷ்டமில்லாமல் நூற்றுக்கு மூன்று, அதாவது வருடத்திற்கு நூற்றுக்கு 36 கொடுக்கிற தொழில் எது? இருந்தால் அவன் ஏன் உங்களிடம் முதல் கேட்டு வருகிறான்? மார்க்கச் சட்டத்தைத் திறந்து பார்த்தாலே போதும். முளாரபாவில் ஒருவர் முதல் போடுகிறார், மற்றவர் உழைக்கிறார். கிடைக்கும் லாபத்தில் இத்தனை பங்கு என்று விகிதம் பேசலாம். போட்ட முதலுக்கு மாதம் இவ்வளவு என்று நிர்ணயிக்க முடியாது. நஷ்டம் வந்தால் முதல் போட்டவரின் முதல்தான் குறையும். ஆகவே "நஷ்டமே வராது, மாதம் இவ்வளவு நிச்சயம்" என்று ஒருவன் சொன்னால், அவன் ஹலால் என்று எழுதி மாட்டியிருக்கும் பலகைக்குப் பின்னால் இருப்பது வட்டிதான். அல்லது நேற்று வந்தவனின் பணத்தை எடுத்து இன்று உங்களுக்குக் கொடுக்கிறான்.

இளைஞர்களே, உங்களுக்குத் தனியாக ஒன்று. வேடர்கள் ஒரு மானைப் பழக்கிக் கட்டி வைத்து, அதைக் காட்டி மற்ற மான்களை வரவழைத்துப் பிடிப்பார்கள். அதற்குத் தமிழில் 'பார்வை மிருகம்' என்று பெயர். கமிஷனுக்கு ஆசைப்பட்டு, மாமாவிடமும் சாச்சாவிடமும் தெருவில் உள்ள பெரியம்மாவிடமும் முதலீடு வாங்கிக் கொடுக்கும் பட்டதாரி இளைஞன்தான் இன்றைய பார்வை மிருகம். நிறுவனம் ஓடிய மறுநாள், வேடன் வெளிநாட்டில் இருப்பான். கட்டிப் போட்ட இடத்தில் நிற்பது நீங்கள்தான். ஊர் உங்கள் வீட்டு வாசலுக்குத்தான் வரும்.

இதையெல்லாம் விட நம்மைக் கவலைப்பட வைப்பது நம் மௌனம். சந்தேகப்பட்டவர்கள் ஒவ்வோர் ஊரிலும் இருந்தார்கள். ஏன் பேசவில்லை? "ஒரு முஸ்லிமைப் பற்றிப் புறம் பேசலாமா? நம் ஆளை நாமே காட்டிக் கொடுக்கலாமா?" என்ற தயக்கம். புறம் பேசுவது பெரும் பாவம், ஐயமில்லை. ஆனால் இமாம் நவவீ (ரஹ்) அவர்கள் ரியாளுஸ் ஸாலிஹீனில், ஒருவரின் குறையைச் சொல்ல அனுமதியுள்ள ஆறு சந்தர்ப்பங்களை எடுத்துரைக்கிறார்கள். தீங்கிலிருந்து முஸ்லிம்களை எச்சரிப்பது அவற்றில் ஒன்று. ஒருவர் தொழுவதை மட்டும் பார்த்து நல்லவர் எனச் சான்று சொன்னவரை உமர் (ரலி) அவர்கள் ஏற்கவில்லை என்றும், அவருடைய அண்டை வீட்டில் வாழ்ந்தாயா, பயணம் செய்தாயா, பொற்காசு வெள்ளிக்காசில் கொடுக்கல் வாங்கல் செய்தாயா என்று விசாரித்தார்கள் என்றும் அறிவிக்கப்படுகிறது. நாமோ நெற்றித் தழும்பைப் பார்த்துப் பத்து லட்சத்தைக் கொடுக்கிறோம்!

மேற்கு ஆப்பிரிக்காவின் ஐவரி கோஸ்ட் நாட்டில் டாய் என்றொரு காடு. அங்கே சிறுத்தைகளுக்கு ரேடியோ பட்டை மாட்டிப் பின்தொடர்ந்த ஆய்வு 1999-ல் வெளியானது. சிறுத்தையைக் கண்ட குரங்குகள் ஓடி ஒளிவதோடு நிற்கவில்லை, உரக்கக் கத்தின. கண்டுபிடிக்கப்பட்டோம் என்று தெரிந்ததும் சிறுத்தை பதுங்கியிருந்த இடத்தை விட்டு விலகிப் போய்விட்டது. மறைவு போன பின் அதற்கு அங்கே வேலையில்லை. குரங்குக்கு இருக்கிற துணிவு நம் ஜமாஅத் நிர்வாகிகளுக்கு வேண்டாமா? எந்த முதலீட்டு நிறுவனத்தின் நன்கொடைப் பலகையும் பள்ளிவாசல் வளாகத்தில் கூடாது. ஜும்ஆ மேடையில் அதற்குப் பாராட்டுக் கூடாது. ஊரில் பணம் வசூலிக்க வருபவன், வைப்புத்தொகை வாங்க எந்தச் சட்டத்தின் கீழ் அனுமதி பெற்றிருக்கிறான் என்று எழுத்தில் காட்ட வேண்டும். இதை அடுத்த மஹல்லா கூட்டத்தில் தீர்மானமாகவே போடலாம். பதிவு செய்யாத வைப்புத் திட்டங்களைத் தடை செய்யும் மத்தியச் சட்டம் 2019-லேயே வந்துவிட்டது.

ஏற்கெனவே பணம் கட்டிவிட்டவர்கள், "புகார் கொடுத்தால் உள்ளதும் வராது" என்று ஏஜெண்டு சொல்வதைக் கேட்டுக் காத்திருக்க வேண்டாம். நிறுவனத்தின் சொத்தை அரசு முடக்கி முதலீட்டாளர்களுக்குப் பிரித்துக் கொடுக்க 1997-ம் ஆண்டின் தமிழ்நாடு முதலீட்டாளர் நலப் பாதுகாப்புச் சட்டத்தில் வழியிருக்கிறது. சொத்து கைமாறுவதற்கு முன் போக வேண்டும், அவ்வளவுதான். ரசீது, ஒப்பந்தத் தாள், வங்கிக் கணக்கு நகல், ஏஜெண்டு அனுப்பிய வாட்ஸ்அப் செய்திகள் எதையும் அழிக்காமல் எடுத்துக் கொண்டு, பொருளாதாரக் குற்றப்பிரிவு காவல்துறையிடம் செல்லுங்கள். தனியாகப் போகத் தயங்கும் பெண்களோடு மஹல்லா இளைஞர்கள் இருவர் துணைக்குப் போய் வாருங்கள்.