பந்தெறிதலும் பிழைப்பும்

சங்கராபுரத்தைச் சூழ்ந்த சிற்றூர்களிலே, கம்பும் சோளமும் முற்றுங் காலத்துச் சிறுவர் கவண் சுழற்றிப் பறவை ஓட்டுவதைக் கண்டோர் பலர். கல்வராயன் மலையடிவாரத்துப் பிள்ளைகளோ, ஒரு கல்லை வீசி உச்சிக்கிளையின் மாங்காயைக் குறி தவறாது வீழ்த்துவர். இக்கைத்திறனைக் கண்டு வைவார் உண்டு, நகைப்பார் உண்டு, இதனை ஒரு செல்வமென மதிப்பாரோ மிகச் சிலரே. "கல்லெறிவதும் பந்தெறிவதும் ஒரு பிழைப்பாகுமோ?" என்பதே பெற்றோர் வினா. அவ்வினாவை இகழ்ந்து தள்ளுதல் முறையன்று. அதற்கு விடைகாண இந்திய இளைஞர் இருவர் வரலாறு நமக்கு உதவும்.

அமெரிக்க நாட்டில் பேஸ்பால் என்பதொரு பந்தாட்டம் பெருவழக்கில் உள்ளது. அதில் எறிவோன் ஒரு சிறு மேட்டில் நின்று, 60 அடி 6 அங்குலத் தொலைவிலுள்ள தட்டின்மேற் செல்லுமாறு, நிலத்திற் படாமற் பந்தை எறிதல் வேண்டும். தட்டின் அகலம் 17 அங்குலமே. அடிப்போனுடைய முழங்காலுக்கும் மார்புக்கும் இடைப்பட்ட சிறு வெளியிற் பந்து புகவேண்டும். கிரிக்கெட்டிற் போல முழங்கையை மடக்கி நீட்டலாகாது என்னும் விதி இங்கில்லை. ஆகலின் ஈட்டியெறிந்து பழகிய கைக்கு இவ்வெறிதல் ஓரளவு அணுக்கமானது.

2008 ஆம் ஆண்டில், இந்தியாவில் வேகமாய்ப் பந்தெறிவோரைத் தேடி அமெரிக்கர் சிலர் ஒரு போட்டி நடத்தினர். 37,000 பேருக்கு மேற்பட்டோர் எறிந்து பார்த்தனர். வெற்றி பெற்றவர் உத்தரப் பிரதேசத்து ரிங்கு சிங். அடுத்து நின்றவர் அம்மாகாணத்தவராகிய தினேஷ் படேல். இருவரும் ஈட்டியெறிவோர், எளிய குடியிற் பிறந்தோர், அதற்குமுன் பேஸ்பால் ஆடியறியாதவர். அமெரிக்கா சென்று சில மாதங்களே பயின்ற இவ்விருவரையும், அவ்வாண்டு நவம்பர் மாதத்தில் பிட்ஸ்பர்க் பைரேட்ஸ் என்னும் கழகம் ஒப்பந்தஞ் செய்துகொண்டது. 2009 ஜூலையில் ரிங்கு சிங் தொழில்முறை ஆட்டத்திற் களம்புகுந்தார். இவர்கள் கதையை 2014 இல் ஹாலிவுட்டார் திரைப்படமாக்கினர். அதற்கு இசையமைத்தவர் நம் ஏ. ஆர். ரகுமான்.

திரைப்படம் ஒப்பந்தத்தின் மகிழ்ச்சியிலே முடிந்துவிடும். வாழ்க்கை அங்ஙனம் முடிவதன்று. தினேஷ் படேல் 2010 இலேயே கழகத்தினின்று விடுவிக்கப்பட்டுத் தாயகம் திரும்பினார். ரிங்கு சிங் கீழ்ப்படிக் கழகங்களில் 2012 வரை ஆடிப் படிப்படியாய் உயர்ந்தார். பின்னர்க் காயம் அவரைத் தடுத்தது. இருவருள் ஒருவரும் அந்நாட்டு முதல்நிலைக் கழக ஆட்டத்தை எய்தவில்லை. 2018 இல் ரிங்கு சிங் தொழில்முறை மல்யுத்தத்திற்குச் சென்றுவிட்டார்.

இது தோல்வியோ எனின், அன்று என்பேன். அவர்களிடத்து ஊக்கத்திற்குங் குறைவில்லை, உழைப்பிற்குங் குறைவில்லை. குறைந்தது காலம் ஒன்றே. அமெரிக்கச் சிறுவன் ஆறேழு வயதிற் கைக்கொள்ளும் பந்தை இவர்கள் இருபது வயதை யொட்டியே முதன்முதல் தொட்டனர். கையின் வலிமை பிறப்பொடு வரலாம். குறியும், நிதானமும், கையைக் காத்துக்கொள்ளும் அறிவும் ஆண்டுக்கணக்கிற் பழகினாலன்றி வாரா. பல்லாயிரவருள் ஒருவனைப் பொறுக்கியெடுக்கும் போட்டி, குலுக்குச் சீட்டை ஒத்தது. சீட்டு விழுந்தவனை உலகம் புகழும். விழாதவர்க்கு அதனால் ஆவதொன்றில்லை.

இனி, நம் அண்டை ஜில்லாவாகிய சேலத்தை நோக்குவோம். சின்னப்பம்பட்டி நடராஜன் கூலித் தொழிலாளியின் மகன். தாயார் சாலையோரத்திற் சிறுகடை நடத்தியவர். இருபது வயதளவும் அவர் ஊர்ப்புறத்தில் டென்னிஸ் பந்துகொண்டே ஆடினார். 2015 இல் தமிழ்நாட்டிற்காக முதன்முறை ரஞ்சிக் கோப்பையில் ஆடியபொழுதே, அவர் பந்துவீசும் முறை விதிக்கு மாறானதென ஐயுறப்பட்டது. தனியே விடப்பட்டிருப்பின் அன்றே அவர் வாழ்வு முடிந்திருக்கும். ஆனால் கைதூக்கிவிட அவருக்கு ஊரிலே ஜெயப்பிரகாஷ் என்னும் அன்பர் இருந்தார். சென்னையிலே பிழைதிருத்தும் பயிற்சியாளர் இருந்தனர். 2017 இல் பஞ்சாப் அணி அவரை 3 கோடி ரூபாய்க்கு ஏலத்தில் எடுத்தது. 2020 டிசம்பர் முதல் 2021 ஜனவரி வரை, ஒரே ஆஸ்திரேலியச் சுற்றுப்பயணத்தில், மூவகைப் பன்னாட்டுப் போட்டியிலும் அவர் அறிமுகமானார். இப்பேறு பெற்ற முதல் இந்தியர் அவரே. பின்னர் அவர் தம் ஊரிலேயே ஒரு கிரிக்கெட் மைதானம் அமைத்தார். அது 2023 இல் திறக்கப்பெற்றது.

அவர் எய்திய புகழனைத்தினும் இவ்வொரு செயலே பெரிதென்பது என் கருத்து. என்னை? தாம் இளமையிற் பெறாததைப் பிறர் பிள்ளைகள் இளமையிலே பெறுமாறு செய்தார் ஆதலின்.

"கை முறிந்தால் என் செய்வது?" எனப் பெற்றோர் மீண்டும் வினவுவர். தக்க வினாவே. எறிவோனுடைய முழங்கைத் தசைநார் அறுதல் புதுமையன்று. 1974 இல் டாமி ஜான் என்னும் அமெரிக்க வீரருக்கு அத்தசைநாரை மாற்றி ரண சிகிச்சை செய்தனர்; அவர் மீண்டு 1989 வரை ஆடினார். எல்லார்க்கும் அங்ஙனம் வாய்ப்பதில்லை. ஆகவேதான், பள்ளியை விட்டு மைதானத்திற்கு ஓடுக என்று யான் கூறேன். புத்தகம் ஒரு கையிலும் பந்து மற்றொரு கையிலும் இருத்தல் வேண்டும். பந்து கைவிடினும் புத்தகம் கைவிடாது.

நம் தாலூகாவிற்கு வேண்டுவது குலுக்குச் சீட்டன்று. பள்ளிதோறும் செப்பஞ்செய்த ஒரு மைதானமும், எறியும் கையை இளமையிலே கண்டறிந்து காக்கவல்ல ஓர் ஆசிரியருமே வேண்டும். சங்கராபுரத்துச் சிறுவரும் மலைமேல் வெள்ளிமலைச் சிறுவரும் நாளை உலகப்புகழ் பெறாது போயினும் குறைவொன்றில்லை. அவர்களுள் ஒருவனேனும், "எனக்கு வலிமை இருந்தது; காலத்திற் சொல்லிக்கொடுப்பார் இல்லை" என்று பின்னாளில் வருந்துவானாயின், அக்குறை அவனதன்று; நம்முடையதே.