டெலரூ என்றால் யார்?

பழைய பிரெஞ்சுப் படங்களைப் பற்றி நம் வயதுக்காரர்கள் பேச ஆரம்பித்தால் இரண்டு பெயர்கள் தவறாமல் வந்துவிடும்: த்ரூஃபோ, கோதார். கூடவே ஜார்ஜ் டெலரூ என்று நான் சொன்னால், "அது யார்?" என்கிறார்கள். எனக்குக் கோபம் வருவது அங்கேதான்.

டெலரூ 1925-ல் வட பிரான்சில் ரூபே என்ற ஆலை நகரத்தில் பிறந்தவர். பாரிஸில் தாரியுஸ் மிலோவிடம் இசை பயின்றவர். புதிய அலை இயக்குநர்கள் சொற்பப் பணத்தில் எடுத்த படங்களுக்கு இசை கொடுத்தவர். 'பியானோ வாசிப்பவனைச் சுடு' (1960), 'ஜூலும் ஜிம்மும்' (1962), 'கடைசி மெட்ரோ' (1980) என்று த்ரூஃபோவுடன் மட்டுமே இருபது ஆண்டுகளுக்கு மேல் உழைத்தார்.

'இயக்குநரே படைப்பாளி' என்ற கொள்கைக்கு வித்திட்டது த்ரூஃபோ 1954-ல் எழுதிய ஒரு கட்டுரை. ஆனால் 1957-ல் வந்த பிரெஞ்சுப் பதிப்புரிமைச் சட்டம் வேறு மாதிரி சொன்னது. கதை, வசனம் எழுதியவர், படத்துக்கென்றே இசையமைத்தவர், இயக்குநர் எல்லோரும் கூட்டுப் படைப்பாளிகள் என்றது. சட்டத்துக்குத் தெரிந்தது விமர்சகர்களுக்குத் தெரியவில்லை!

நடைமுறை என்ன? கோதாரின் 'ல மெப்ரி' (1963) இத்தாலிக்குப் போனபோது டெலரூவின் இசையை எடுத்துவிட்டு, பியரோ பிச்சோனியின் இசையைச் சேர்த்தார்கள். ஹாலிவுட்டிலும் இதே கதைதான். 'பிளட்டூன்' (1986) படத்தில் அவருடைய இசையில் பெரும்பகுதியைத் தள்ளிவிட்டு, சாமுவேல் பார்பரின் பழைய 'அடாஜியோ'வை வைத்தார்கள்.

"படத்துக்கு எது வேண்டும் என்று இயக்குநர்தானே முடிவு செய்யவேண்டும்?" என்று கேட்பீர்கள். செய்யட்டும். 'ல மெப்ரி'யில் ஒரே மெட்டைத் திரும்பத் திரும்ப ஒலிக்கவிட்டது கோதாரின் சாமர்த்தியம், மறுக்கவில்லை. ஆனால் பிரிஜித் பார்தோவின் முகத்தில் நாம் பார்க்கும் அந்தத் துக்கத்தில் பாதி வயலின்களிலிருந்து வருகிறது. அதே மெட்டை 1995-ல் ஸ்கோர்சேஸி தன் 'கேசினோ' படத்தில் எடுத்து வைத்தார். கதை வேறு, நாடு வேறு, மெட்டு நின்றது. கோதார் இல்லாமலும் நிற்கிற ஒன்றை அவர் கணக்கில் மட்டும் எப்படி எழுதுவது?

த்ரூஃபோவுக்கு இது தெரிந்தே இருந்தது. அவருடைய 'அமெரிக்க இரவு' (1973) படத்தில், இயக்குநராக அவரே நடிக்கிறார். இசையமைப்பாளர் தொலைபேசியில் மெட்டை வாசித்துக் காட்ட, இவர் கேட்கிறார். மறுமுனையில் பேசுகிற குரல் டெலரூவுடையதே. குருவுக்கு இருந்த அந்த மரியாதை சீடர்களுக்கு வரவில்லை.

டெலரூ 1992-ல் காலமாகிவிட்டார். இனி அவருக்கு நாம் செய்யக்கூடியது ஒன்றுதான். அடுத்த முறை இந்தப் படங்களைப் பற்றிப் பேசும்போது இயக்குநர் பெயரோடு அவர் பெயரையும் சேர்த்துச் சொல்லுங்கள். அது சலுகை அல்ல, சட்டப்படி அவருக்குச் சேரவேண்டிய பங்கு.