கோப்பையும் எச்சிலும்

ஜப்பானுக்குப் போய் வரும் நம் தோழர்களின் பெட்டியில் இப்போதெல்லாம் தவறாமல் ஒரு மண்கோப்பை இருக்கிறது. படிக்கப் போனாலும் சரி, ஊர் பார்க்கப் போனாலும் சரி, அரைநாள் ஒதுக்கிக் கட்டணம் கட்டி, ஒரு குயக்கூடத்தில் அமர்ந்து தம் கையாலேயே கோப்பை செய்து, அடுத்த அறையில் முறைப்படி தேநீரும் அருந்திவிட்டு வருகிறார்கள். ஆர்.கே.புரத்தில் நான் தங்கியிருக்கும் அறையிலும் அப்படி ஒரு கோப்பை உண்டு. பார்க்க வருகிறவர்கள் அதை எடுத்துத் திருப்பிப் பார்ப்பார்கள். உடனே வாதம் தொடங்கிவிடும்.

வாதத்தில் இரண்டு கட்சி. "காசு கொடுத்து மண் பிசைவானேன்? எங்கள் ஊர்க் குயவர் தெருவில் போய் நின்றால் காசில்லாமலே பிசையலாமே!" என்பது முதற்கட்சி. "ஆகா, ஜப்பானியர் எதையும் கலையாக்கி விடுகிறார்கள், நமக்கு அந்த அழகுணர்ச்சி எங்கே?" என்பது இரண்டாம் கட்சி. முதற்கட்சியாரிடம் நான் கேட்பது ஒன்றுதான்: குயவர் தெருவில் என்றாவது போய் நின்றதுண்டா? நின்றிருந்தால், அவர் பக்கத்தில் உட்கார்ந்ததுண்டா? இரண்டாம் கட்சியாருக்குச் சொல்லவேண்டியது கொஞ்சம் நீளமானது. அதற்காகவே இந்தக் கட்டுரை.

சென்ற ஆண்டு கியோட்டோ நகரில் மூன்று வாரம் தங்கியிருந்தேன். அங்கே ஒரு நாள் கைவினைப் பயிற்சிக்குச் சென்றேன். சக்கரம் கிடையாது. ஒரு பிடி களிமண்ணைப் பலகையில் வைத்து, நடுவே கட்டைவிரலால் குழித்து, விரல்களால் கிள்ளிக் கிள்ளிச் சுவரை எழுப்பவேண்டும். கற்பித்த அம்மையார் அதிகம் பேசவில்லை. சுவர் மெலிந்த இடத்தில் விரலை வைத்துக் காட்டுவார், அவ்வளவுதான். காயும்போதும் சூளையில் வேகும்போதும் பத்தில் ஒரு பங்குக்கு மேலேயே மண் சுருங்கும் என்பதால், வேண்டிய அளவைவிடப் பெரிதாகச் செய்யச் சொன்னார். கடைசியாக ஈரத்தோல் துண்டு ஒன்றைக் கையில் கொடுத்து, விளிம்பைச் சுற்றித் தடவச் சொன்னார். கோப்பையில் மிகவும் கவனமாகச் செய்யவேண்டிய இடம் அதுதானாம். அங்கேதான் விருந்தினரின் உதடு படும் என்றார்.

உதடு படும் இடம்! தமிழ்நாட்டிலிருந்து போன ஒருவனுக்கு இந்தச் சொல் சுருக்கென்று தைக்காமல் போகுமா?

இப்படிச் சக்கரமின்றிக் கையால் கோப்பை செய்யும் முறைக்கு அங்கே நானூறு ஆண்டு வரலாறு உண்டு. தேநீர் நெறியை வகுத்தவர்களில் தலையாயவர் சென் நோ ரிக்கியூ (1522–1591). அவர் தம் மனத்துக்கிசைந்த கோப்பை செய்யத் தேர்ந்துகொண்டவர் சோஜிரோ. கூரை ஓடு செய்த தொழிலாளி. அந்தக் கருங்கோப்பைகளை இன்று ஜப்பானியர் கண்ணில் ஒற்றிக்கொள்கிறார்கள். அவற்றினும் புகழ் பெற்ற இன்னொரு கோப்பை, கியோட்டோவின் தைதோக்குஜி என்னும் மடத்தில் இருக்கிறது. அது கொரியா நாட்டில் பெயர் தெரியாத ஒரு குயவர் எளிய குடிமக்களின் அன்றாடப் புழக்கத்துக்குச் செய்த பாண்டம் என்று எழுதினார் யானகி சோயெட்சு. நாட்டார் கைவினையின் பெருமையை ஜப்பானியருக்கு எடுத்துச் சொன்ன பேரறிஞர் அவர்.

தேநீர் அறையைப் பற்றிச் சொல்லவேண்டும். ரிக்கியூ கட்டியதாகக் கருதப்படும் அறை இரண்டே பாய் அகலம். நுழைவாயில் இரண்டடி உயரத்துக்குச் சற்று மேல். அரசனே வந்தாலும் வாளை வெளியே வைத்துவிட்டு, குனிந்து, முழந்தாளிட்டுத்தான் உள்ளே நுழையவேண்டும். முதலில் ஓர் இனிப்பு. பிறகு பச்சைத் தேயிலைப் பொடியில் வெந்நீர் வார்த்து, ஒரே மூங்கில் துண்டை நூலிழையாகப் பிளந்து செய்த கடையும் கோலால் நுரைக்க அடித்துத் தருகிறார்கள். கோப்பையின் அழகிய பக்கம் விருந்தினரை நோக்கி வைக்கப்படும். அந்த முகத்தில் வாய் வைக்கலாகாது என்று விருந்தினர் அதைச் சற்றே திருப்பிக் குடிக்கிறார். குடித்து முடித்ததும் கோப்பையைத் தாழப் பிடித்துப் பார்த்து, "இதைச் செய்தவர் யார்?" என்று கேட்கிறார். அப்படிக் கேட்பது அங்கே விருந்து முறையின் ஓர் அங்கம்.

என்னைப் போன்ற கற்றுக்குட்டிகளுக்குத் தருவது மெல்லிய தேநீர், ஆளுக்கொரு கோப்பை. முறையான கூட்டங்களில் கெட்டித் தேநீர் உண்டு. அதற்கு ஒரே கோப்பை. முதல் விருந்தினர் சில மிடறு அருந்தி, வாய் பட்ட இடத்தைத் துடைத்து, அடுத்தவரிடம் நீட்டுகிறார். அவர் அதே இடத்தில் வாய் வைத்து அருந்தி, அதற்கடுத்தவரிடம் தருகிறார். (2020-இல் தொற்றுநோய் வந்தபோது பல இடங்களில் இதை நிறுத்தி, தனித்தனிக் கோப்பைக்கு மாறினார்கள். அதில் தவறு காண்பதற்கில்லை.)

இனி நம் வீட்டுக்கு வருவோம். எச்சில் என்ற சொல்லுக்கு நிகராக எந்த மொழியில் சொல் தேடினாலும் அதன் பாதிதான் கிடைக்கும். அண்ணாந்து குடிக்கக் கற்காத குழந்தையை நம் பாட்டிமார் விட்டதுண்டா? சட்டை நனைந்தாலும் சரி, தம்ளரில் உதடு படக்கூடாது. இதில் சுகாதாரம் இல்லை என்று நான் சொல்லமாட்டேன். பத்துப்பேர் புழங்கும் குவளைக்கு அது நல்ல காவல்தான். ஆனால் வீட்டுக்குள் சுகாதாரமாக இருந்தது, தெருமுனைத் தேநீர்க் கடைக்குப் போனதும் வேறு உருவெடுத்தது. உள்ளே பெஞ்சில் அமர்ந்தவருக்குக் கண்ணாடிக் கிளாஸ். வெளியே நின்றவருக்கு அலுமினியக் குவளை, சில ஊர்களில் கொட்டாங்கச்சி. குடித்தபின் அவரே கழுவிக் கவிழ்த்துவிட்டுப் போகவேண்டும். இரட்டைக் குவளை என்று இதற்குப் பெயரே இட்டுவிட்டோம்.

1950-இல் நடைமுறைக்கு வந்த அரசியலமைப்பின் 17-ஆம் பிரிவு தீண்டாமையை ஒழித்தது. 1955-இல் அதற்கெனத் தனிச்சட்டமும் வந்தது. பிறகு எத்தனையோ போராட்டங்கள். குவளைகள் பல ஊர்களில் மறைந்தன, உண்மை. சில ஊர்களில் அவை மறைந்த விதத்தைச் சற்று உற்றுப் பார்க்கவேண்டும். உள்ளே இருப்பவருக்குக் கண்ணாடிக் கிளாசும், வெளியே நிற்பவருக்குத் தூக்கி எறியும் காகிதக் கோப்பையும் தந்துவிட்டால் வழக்குத் தொடுக்க எவரால் முடியும்? கேட்டால், காகிதக் கோப்பை சுத்தமானதாயிற்றே என்பார் கடைக்காரர்!

"தமிழ்நாட்டுக் கதை அது, நாம் இருப்பது தலைநகரில்" என்று சொல்லும் நண்பர்கள் இங்கே குல்லடில் தேநீர் குடித்திருப்பார்கள். மண்மணம் கமழும் அழகான குவளை. 2004-இல் ரயில் நிலையங்களிலெல்லாம் அதைக் கொண்டுவர ஆணையே பிறந்தது. குயவர் பிழைப்பார்கள் என்று நானும் மகிழ்கிறேன். ஆயினும் ஒருமுறை குடித்துவிட்டுத் தரையில் போட்டு உடைக்கிற அந்தப் பழக்கம் எங்கிருந்து வந்தது? மெருகில்லாத மண்பாண்டம் பிறர் வாய் பட்டால் மீண்டும் தூய்மை அடையாது என்ற பழைய எண்ணத்துக்கும் அதில் பங்கு உண்டு. ஜப்பானியர் பலர் வாய் பட்ட கோப்பையை நானூறு ஆண்டு பட்டுப்பையில் வைத்துக் காக்கிறார்கள். நாம் ஒருவர் வாய் பட்டதும் உடைக்கிறோம். இரண்டும் மண்தான்.

ஜப்பான் சொர்க்கம் என்று இரண்டாம் கட்சியார் துள்ளவேண்டாம். அந்நாட்டிலும் பிறப்பினால் இழிந்தவர் என்று ஒதுக்கப்பட்ட மக்கள் இருந்தார்கள். தோல் பதனிட்டவர்களும் விலங்கறுத்தவர்களும் தனிச்சேரிகளில் வாழ்ந்தார்கள். 1871-இல் அரசாணை அந்த இழிவை நீக்கியது. நீங்காத மிச்சத்துக்காக 2016-இல் மறுபடி ஒரு சட்டம் செய்யவேண்டி வந்தது. தேநீர் அறைக்குள் அரசனைக் குனிய வைத்த ரிக்கியூவின் முடிவுதான் என்ன? அவரிடம் தேநீர் அருந்திய ஹிதேயோஷியே 1591-இல் அவரைத் தம் வயிற்றைக் கிழித்துச் சாகும்படி ஆணையிட்டான். சிறுவாயிலின் சமத்துவம் வாயிலைத் தாண்டவில்லை என்பது இதனால் விளங்கும்.

ஆனால் ஒன்றை அவர்கள் செய்தார்கள். 1950-இல் பண்பாட்டுச் செல்வங்களைக் காக்க ஒரு சட்டம் இயற்றி, 1954-இல் திருத்தி, கட்டடங்களோடு கைத்திறனும் நாட்டின் சொத்து என்று எழுதிவைத்தார்கள். 1955-இல் அந்த முதல் பட்டியலில் இடம்பெற்றவர்களுள் குயவர் ஹமடா ஷோஜியும் ஒருவர். இப்படித் தேர்வு பெறுகிறவருக்கு ஆண்டுக்கு 20 இலட்சம் யென் அரசு தருகிறது. தம் தொழிலை அடுத்த தலைமுறைக்கு அவர் கற்றுக்கொடுக்கவேண்டும். இதனோடு நம் மானாமதுரையை வைத்துப் பாருங்கள். அவ்வூர் மண்பாண்டத்துக்கு 2023-இல் புவிசார் குறியீடு கிடைத்தது; மகிழ்ச்சி. கச்சேரி மேடையில் கடம் வாசிக்கும் வித்துவானின் பெயரை அறிவிக்கிறார்கள், கைதட்டுகிறோம். அந்தக் கடத்தைத் தட்டித் தட்டி ஒரே கனமாக்கிய கைக்கு உரியவர் பெயரை எந்தச் சபாவிலாவது கேட்டதுண்டா?

நம் கைத்திறனின் பெயர் ஒன்று ஜப்பானியத் தேநீர் அறையில் நெடுங்காலமாக வழங்குகிறது என்பதைக் கேட்டால் வியப்பீர்கள். சோழமண்டலக் கரையிலிருந்து கப்பலேறிய கோடிட்ட பருத்தித் துணிக்கு அவர்கள் வைத்த பெயர் 'சந்தோமே'. மயிலாப்பூரின் சாந்தோம்தான் அது! சாயவேரின் சிவப்பேறிய நம் கரையின் வண்ணத் துணிகளையும் விரும்பி வாங்கினார்கள். தேயிலைப் பொடிச் சிமிழுக்கு உறை தைக்கத் தேநீர் வல்லுநர்கள் தேடிய துணிகளில் இவையும் அடங்கும். கிழிந்த துண்டைக்கூட எறியாமல் ஏட்டில் ஒட்டிக் காத்தவர்கள் உண்டு. நெய்தவர், சாயமேற்றியவர் பெயர் இங்கே நமக்குத் தெரியாது. (தேயிலை பறித்த தமிழ்க் கைகளின் கதை தனியே எழுதவேண்டியது, இங்கே தொடவில்லை.)

ஆர்.கே.புரத்துக்கு அண்மையிலேயே இன்னொரு பாடம் இருக்கிறது. 1919-இல் குர்சரண் சிங் என்ற இளைஞர் மண்பாண்டத் தொழில் கற்க ஜப்பான் போனார். அங்கே யானகியோடும் ஹமடாவோடும் பழகினார். திரும்பி வந்து, 1952-இல் 'டெல்லி புளூ பாட்டரி'யைத் தொடங்கினார். 1991-இல் பத்மஸ்ரீ பெற்றார். புதுச்சேரியிலும் அப்படியே: ஜப்பானின் பிசென் ஊரில் தொழில் கற்ற டெபோரா ஸ்மித், ரே மீக்கருடன் சேர்ந்து 1971-இல் 'கோல்டன் பிரிட்ஜ் பாட்டரி'யை நிறுவினார். இவர்களால் படித்த குடும்பத்துப் பிள்ளைகள் களிமண்ணைத் தொட்டார்கள். பெரிய தொண்டுதான், ஐயமில்லை. ஆயினும் படித்தவர் தொட்டால் கலை, குயவர் தொட்டால் சாதித் தொழில் என்ற கணக்கு மட்டும் அழியவில்லை. இதே நகரின் உத்தம் நகரில் நூற்றுக்கணக்கான குயவர் குடும்பங்கள் சூளை வைத்து வாழ்கின்றன. தீபாவளி விளக்குக்கு அவர்களிடம் பேரம் பேசுகிற நம் தோழர்கள் கியோட்டோவில் கட்டணத்தைக் குறைக்கச் சொல்லிக் கேட்டதாக நான் கேள்விப்பட்டதில்லை.

ஆகையால் நம் மன்றத்துக்கு ஒரு வேண்டுகோள். வருகிற பொங்கல் விழாவை ஆர்.கே.புரத்தில் நடத்தும்போது, பானையைக் கடையில் வாங்கி மஞ்சள் கட்டி வைப்பதோடு நிறுத்தவேண்டாம். உத்தம் நகரிலிருந்து ஒரு குயவரை அழைப்போம். அவர் மேடையில் நாற்காலியில் அமரட்டும். நாம் தரையில் அமர்ந்து அரைநாள் மண் பிசையக் கற்போம். அழைப்பிதழில் சிறப்புரையாளர் பெயருக்குப் பக்கத்தில் அதே எழுத்தளவில் அவர் பெயரையும் அச்சிடுவோம். மதியம் அவரோடு ஒரே பந்தியில் உண்போம். கியோட்டோவில் நான் கட்டிய தொகைக்குக் குறையாமல் அவருக்குத் தரவேண்டும். பொருளாளர் அதைக் கணக்கேட்டில் 'பானை வாங்கிய செலவு' என்ற தலைப்பில் எழுதாமல், 'ஆசிரியர் மதிப்பூதியம்' என்ற தலைப்பில் எழுதவேண்டும்.