கொடையா, பறிப்பா?

சாவொறுப்புப் பெற்றவன் தன் சிறுநீரகத்தைப் பிறர்க்கு ஈந்து சாகட்டுமே, வீணே மண்ணாவதினும் நன்றன்றோ என்பார் உளர். இரக்கமுடையார் கூற்றுத்தான், ஆயினும் பிழை. சீனத்தைக் காண்க. சிறையாளியோ உறவினரோ இசைந்தால் உறுப்புகளை எடுக்கலாம் என்றது அந்நாட்டின் 1984ஆம் ஆண்டு ஒழுங்குமுறை. கேட்பாரற்ற உடலாயின் எவர் இசைவும் வேண்டாவாம்! உறுப்புமாற்று மருத்துவத்திற்குப் பயன்பட்டவற்றுள் பெரும்பாலானவை கொல்லப்பட்ட சிறையாளிகளுடையவையே என 2005இல் நலவாழ்வுத் துணையமைச்சர் உவாங் சீபூவே ஒப்பினார். 2015 முதல் அவ்வழக்கத்தை விட்டதாக அறிவித்தனர்.

'மாட்டேன்' என்னும் உரிமை இருந்தாலன்றோ கொடை? விலங்கிட்ட கையின் ஒப்பம் இசைவாகுமா? நோயாளியின் தேவைக்கேற்பக் கொல்லும் நாளைக் குறிக்கும் நிலை வந்தால், அங்கே மருத்துவன் யார், கொலைஞன் யார்?

உளந்திருந்தி ஈய விழைவானும் ஒருவன் இருக்கலாம். அவன் சாவொறுப்பை முதலில் நீக்குக. அதன்பின் அவனைக் கேட்டுப் பார்க்க.