கேப்டனே சாட்சி, கேப்டனே வழக்கறிஞர்

கடமையா, மனசாட்சியா? ஹெர்மன் மெல்வில் எழுதிய 'பில்லி பட்' குறுநாவல் பற்றிப் பேச்செடுத்தாலே இந்தக் கேள்வியில்தான் கொண்டுபோய் நிறுத்துகிறார்கள். கேப்டன் வீர் சட்டத்துக்குக் கட்டுப்பட்டவர், மனம் நொந்துதான் பில்லி என்ற இளம் மாலுமியைத் தூக்கிலிட்டார் என்பது வழக்கமான வாசிப்பு. எனக்கு அதில் உடன்பாடில்லை.

கதை நடப்பது 1797இல். ஸ்பிட்ஹெட்டிலும் நோரிலும் மாலுமிகள் கலகம் செய்து பிரிட்டிஷ் கடற்படையைக் கதிகலங்க வைத்த ஆண்டு அது. பில்லி கலகத்துக்குத் தூபம் போடுகிறான் என்று கப்பலின் ஒழுங்கு அதிகாரி கிளாகர்ட் பொய்ப்புகார் சொல்கிறான். கேப்டன் எதிரிலேயே பதில் சொல்ல முயலும் பில்லிக்கு வாய் திக்குகிறது, கை முந்திக்கொள்கிறது. ஒரே அடியில் கிளாகர்ட் சாகிறான்.

மேலதிகாரியை அடித்தால் மரணம். சட்டம் அதுதான். ஆனால் அன்றைக்கே விசாரித்து, விடிவதற்குள் முடித்தாக வேண்டுமா? கப்பல் மருத்துவருக்கே இது உறுத்துகிறது. படையணியோடு சேர்ந்ததும் அட்மிரலிடம் ஒப்படைப்பதுதானே முறை? கேப்டனுக்குப் புத்தி பிசகிவிட்டதோ என்றுகூட அவர் யோசிக்கிறார். கேப்டனோ மூன்று அதிகாரிகளை வைத்து அவசர நீதிமன்றம் கூட்டுகிறார். நீதிபதிகளை நியமித்தவர் அவர், ஒரே சாட்சியும் அவர், அவர்கள் தயங்கும்போது தண்டனைக்காக வாதாடுபவரும் அவரே. மெல்வில் போகிறபோக்கில் ஒன்றைச் சொல்லிவைக்கிறார்: சாட்சி சொல்லும்போது பதவியை ஒதுக்கிவைத்த கேப்டன், காற்றடிக்கும் பக்கம் தான் நின்றுகொண்டு நீதிபதிகளை மறுபக்கம் உட்காரவைத்தாராம். பாய்க்கப்பல் காற்றில் சாயும்போது உயர்ந்து நிற்பது அந்தப் பக்கம்தான்.

கலகம் மூண்டுவிடும் என்ற கேப்டனின் பயம் பொய்யல்ல. ஆனால் பயத்தில் எடுத்த முடிவுக்குக் கடமை என்று பெயர் சூட்டியது அவருடைய வாதத்திறமை. அதை நாமும் ஏன் அப்படியே ஏற்க வேண்டும்?

கதையிலேயே மெல்வில் 'சோமர்ஸ்' என்ற அமெரிக்கப் போர்க்கப்பலைக் குறிப்பிடுகிறார். 1842 டிசம்பர் 1 அன்று, கலகச் சதி என்று சொல்லி, அதன் தலைவர் மெக்கன்சி மூவரை நடுக்கடலில் தூக்கிலிட்டார். அவர்களில் ஒருவன் போர்த்துறை அமைச்சரின் மகன் பிலிப் ஸ்பென்சர். மெல்விலின் தாய்மாமன் மகன் கன்செவூர்ட்தான் அந்தக் கப்பலின் முதல் லெப்டினன்ட். அதிகாரிகள் கூடிச் சாட்சிகளை விசாரித்தார்கள். சாகப்போகிறவர்களை அழைத்து ஒரு வார்த்தை கேட்கவில்லை. துறைமுகமோ சில நாள் பயணத்தில்தான் இருந்தது. நியூயார்க் திரும்பியபின் மெக்கன்சியும் கோர்ட் மார்ஷியலைச் சந்தித்தார். விசாரணை வாரக்கணக்கில் நடந்தது. தன் தரப்பு முழுவதையும் எடுத்துச் சொல்ல அவருக்கு அவகாசம் கிடைத்தது. விடுதலையானார்.