பாலுமகேந்திராவை 'எங்கட ஆள்' எண்டால் போதுமா?

பாலுமகேந்திரா மட்டக்களப்பு அமிர்தகழியில் பிறந்தவர். அந்தப் பெருமை மட்டும் எங்களுக்குப் போதாது. புனே திரைப்படக் கல்லூரியில் படித்து, 'நெல்லு' (1974) படத்தில் ஒளிப்பதிவாளராக அறிமுகமானவர். 'கோகிலா' (1977), 'மூன்றாம் பிறை' (1982) இரண்டுக்கும் ஒளிப்பதிவுக்கான தேசிய விருது பெற்றவர். அவர் பெரிதும் நம்பினது யன்னலால் வாற வெளிச்சத்தையும் காலை, மாலை வெயிலையும்தான்.

மருதனார்மடத்தில் குறும்படம் எடுக்கிற எங்களுக்குள்ள அடிக்கடி கேட்கிற கதை, "லைட் வாடகைக்குக் காசில்லை." இயற்கை வெளிச்சத்தில் எடுக்கிறது லேசான வேலை எண்டு நாங்கள் சொல்லவில்லை. எந்த நேரம் எந்தச் சுவரில் வெயில் விழும் எண்டு நாள்கணக்கில் பார்க்கவேணும். முகில் விலகும்வரை காத்திருக்கவேணும். ஆனால் இதையெல்லாம் காசில்லாமலே பழகலாம். அடுத்த குறும்படத்தை ஒரு லைட்டும் இல்லாமல் எடுத்துப் பார்ப்பம், வாறியளா?