கட்டம் போட்ட திரை

‘இது என்ன, மாறுவேடப் போட்டியா?’ என்று புஷ்பமாலாவின் படங்களைப் பார்த்துச் சிரிப்பவர்களோடு எனக்குச் சண்டை இல்லை. அவரைக் கொண்டாடிவிட்டு, மறுவாரமே கேமராவோடு கல்வராயன் மலைக்கு ‘அசல் பழங்குடி முகம்’ தேடி வருகிறவர்களோடுதான் சண்டை. நான் கள்ளக்குறிச்சிக்காரன், சமவெளி ஆள். இந்த வண்டிகள் எங்க ஊர் வழியாத்தான் மேலே போகுது.

பெங்களூரைச் சேர்ந்த என். புஷ்பமாலா சிற்பியாகத் தொடங்கி, புகைப்படம், நிகழ்த்துகலை, வீடியோ என்று நகர்ந்தவர். 2000 முதல் 2004 வரை புகைப்படக் கலைஞர் கிளேர் ஆர்னியோடு சேர்ந்து, தென்னிந்தியப் பெண்களைப் பற்றி ஏற்கெனவே புழங்கிவந்த படங்களை மறுபடி எடுத்தார். ரவிவர்மாவின் லட்சுமி, வேளாங்கண்ணி மாதா, போலீஸ் நிற்கவைத்த திருட்டு வழக்குப் பெண், அளவெடுக்கப்படும் தோடர் பெண். எல்லா வேடத்திலும் அவரேதான். உடுப்பும் பின்திரையும் மாறினால் போதும், ஒரே உடம்பு தெய்வமாகும், குற்றவாளியாகும், பழங்குடியாகும்.

தோடர் படத்தில் பின்னால் தெரியும் கட்டங்களுக்கு ஒரு வரலாறு உண்டு. 1869-ல் ஜான் லாம்ப்ரே என்ற ஆங்கிலேயர், மரச்சட்டத்தில் பட்டுநூலை இரண்டு அங்குலக் கட்டங்களாகக் கட்டி, அதன் முன் மனிதர்களை நிர்வாணமாக நிறுத்திப் படமெடுக்கும் முறையை முன்வைத்தார். இனத்துக்கு இனம் உடம்பை ஒப்பிட வசதியாம். சென்னை அருங்காட்சியகத்தின் எட்கர் தர்ஸ்டன் ஆட்களின் மூக்கை அளந்தார். 1909-ல் வெளியான அவருடைய ஏழு தொகுதிகளில் மலையாளிகளும் இருக்கிறார்கள். கேரளத்தவர் அல்ல, கல்வராயனிலும் சேர்வராயனிலும் வாழ்கிற பழங்குடிகளுக்கும் அதே பெயர்தான்.

இன்றைக்கு அந்தக் கட்டங்களின் வேலையைச் சாராய பேரல் செய்கிறது. 2024 ஜூனில் கருணாபுரத்திலும் சுற்றிலும் விஷச்சாராயம் அறுபதுக்கும் மேற்பட்டோரைக் கொன்றது. கருணாபுரம் இருப்பது கள்ளக்குறிச்சி நகரத்தில். ஆனால் கேமராக்கள் மலையேறின. ஊறலைக் கொட்டி அழிக்கும் போலீஸ், பின்னால் காடு. அது முடிந்ததும் மேகம் அருவி ரீல்ஸ், சுருக்கம் விழுந்த பாட்டியின் கறுப்பு வெள்ளைப் படம். குற்றவாளி, இயற்கையின் குழந்தை, பாவப்பட்ட ஜென்மம்: மூணே கட்டம். 1976 வரை ஜாகீர்தார்கள் ஆண்ட மலை இது என்பதோ, நிலம், சாலை, ஆஸ்பத்திரி என்கிற கேள்விகளோ எந்தக் கட்டத்துக்குள்ளும் அடங்குவதில்லை.

“நல்ல எண்ணத்தோடதானே எடுக்கிறோம்?” எண்ணம் இருக்கட்டும் தோழர். படம் யாரிடம் இருக்கு? பாட்டிக்குப் பெயர் போட்டீங்களா? ‘வேண்டாம்’னு அவங்க சொல்லியிருந்தா எடுக்காம இறங்கியிருப்பீங்களா?

புஷ்பமாலாவிடமும் எனக்குக் கேள்வி உண்டு. அளவெடுக்க நின்ற அந்தத் தோடர் பெண் யார்? மறுபடி எடுத்த படத்திலும் அவள் ‘தோடா’ என்ற இனப்பெயராகவே நிற்கிறாள். அவளுக்குப் பதிலாக நிற்பது அவளுக்கு எதையும் திருப்பித் தந்துவிடாது. ஆனாலும் ஒரு அடிப்படை நேர்மை அதில் இருக்கிறது: அளவுகோலை அவர் தன் உடம்பின் மேல் வைத்துக்கொண்டார். மலையேறுகிறவர்களிடம் அந்த நேர்மையைக்கூட நான் பார்க்கவில்லை.

மலைப் பிள்ளைகள் கையிலும் இப்போ போன் இருக்கு. வெள்ளிமலைக்குப் போங்க, கேமராவை உள்ளே வைங்க, அவங்க உங்களைப் படம் எடுக்கட்டும். கள்ளக்குறிச்சிக்காரன் என்னையும் எடுக்கட்டும். அந்தப் படத்துக்குக் கீழே என்ன எழுதுவது என்பதையும் அவங்களே முடிவு செய்யட்டும்.